நட்சத்திர மீனும் உடைந்த சிப்பியும்

காரைதீவுக் கடற்கரையில் கரைவலை இழுபடும் காலைவேளையைக் கண்டவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். மடி கரை சேர்ந்ததும் கீரியும் சூடையும் நெத்தலியும் கூடைகளுக்குப் போகும். நண்டும் கணவாயும் தனியே பிரிக்கப்படும். எல்லாம் முடிந்தபின் ஐந்து கைகளையும் விரித்தபடி ஒன்றிரண்டு நட்சத்திர மீன்கள் மணலிற் கிடக்கும். அவற்றை எவரும் எடுப்பதில்லை. உண்பதற்கு உதவாது, விற்பதற்கும் உதவாது. சிறுவர்கள் சிறிது நேரம் புரட்டிப் பார்த்துவிட்டு வீசியெறிந்து போவார்கள்.

இங்ஙனம் எறிபடும் ஓர் உயிரைக் கண்ணாடிச் சாடியில் இட்டு, அதனையே நடுவில் வைத்து ஒரு சலனப்படம் எடுத்தார் பாரிஸ் நகரில் வாழ்ந்த மான் ரே என்னும் கலைஞர். 1928ஆம் ஆண்டில் வெளிவந்த அப்படத்தின் பெயரும் ‘நட்சத்திர மீன்’ என்பதே. அது ஓடும் நேரம் கால் மணிக்குச் சற்று அதிகம். பேச்சு இல்லை, நாம் கதை என்று வழங்கும் கதையும் இல்லை. ரொபேர் டெஸ்னோஸ் என்னும் கவிஞரின் கவிதையொன்றே அதற்கு வித்து.

அந்தப் படத்தைப் பற்றி இன்று இங்கே பேசுவானேன் என்று வாசகர் கேட்கலாம். கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர் என்று நீளும் எங்கள் கரையோரத்து மாணவர் கைகளில் இப்போது படக்கருவி இருக்கிறது. கைத்தொலைபேசியே கருவி. அதனைக் கொண்டு குறும்படம் எடுக்கிறார்கள். அவர்களிற் சிலர் கவிதையைப் படமாக்கவும் துணிகிறார்கள். காட்டி முடிந்ததும் பெரியவர் ஒருவர் மெல்லத் தொண்டையைச் செருமிக்கொண்டு, “எல்லாம் நல்லாத்தான் இருக்கு, கதைதான் விளங்கல்லியே மகன்!” என்பார். பிள்ளை தலையைக் குனிந்துகொள்ளும். கேட்டவர் மீதும் பிழையில்லை; எடுத்தவர் மீதும் பிழையில்லை. ஆனால் இருவருக்கும் இடையில் ஒரு வரலாறு சொல்லப்படாமல் இருக்கிறது. பிரான்சிய இலக்கியத்தின் அடங்காப் பிள்ளைகளைத் துணைக்கொண்டு சிலர் எடுத்த பரீட்சார்த்தக் குறும்படங்களின் வரலாறு அது.

ஒரு விருந்தும் ஒரு வாக்கும்

மான் ரே பிறப்பால் அமெரிக்கர். 1890இல் பிலடெல்பியாவிற் பிறந்து, 1921இல் பாரிஸ் சென்று, புகைப்படக் கலையாற் புகழ் பெற்றவர். டெஸ்னோஸ் பாரிஸ் நகரத்துப் பிள்ளை, 1900இல் பிறந்தவர். சர்ரியலிசம் என்னும் இயக்கத்தில் இருவருக்கும் தொடர்பு இருந்தது. அறிவு என்னும் காவற்காரனைச் சிறிது நேரம் உறங்கவிட்டு, மனத்தின் அடியிற் கிடப்பதைத் தானே பேசவிட வேண்டும் என்பது அவ்வியக்கத்தார் கொள்கை. டெஸ்னோசோ உண்மையாகவே உறங்கிவிடுவார்! 1922ஆம் ஆண்டளவில் நண்பர்கள் கூடிய இடங்களில், அரைத்துயிலில் இருந்தபடியே அவர் கவிதை சொல்ல, மற்றவர்கள் எழுதிக்கொண்டார்கள். அது துயிலா, நடிப்பா என்று அப்போதே சிலர் ஐயுற்றதும் உண்டு.

இந்தப் படம் பிறந்த கதையை மான் ரே தம் வாழ்க்கை வரலாற்றிற் சொல்லியிருக்கிறார். டெஸ்னோஸ் மேற்கிந்தியத் தீவுகளுக்குக் கப்பலேறப்போகும் தறுவாயில் ஒரு விருந்து. விருந்தின் முடிவில் அவர் ஒரு கவிதையை வாசித்தார். வாசிக்கக் கேட்ட மான் ரேயின் கண்முன் ஒவ்வொரு வரியும் ஒரு காட்சியாக ஓடிற்று. “நீர் திரும்பி வருவதற்குள் இது படமாகியிருக்கும்” என்று அங்கேயே வாக்களித்தார், வாக்கையும் காத்தார்.

டெஸ்னோஸ் தம் இல்லத்தில் ஒரு நட்சத்திர மீனை வைத்திருந்தாராம். பாடகியொருத்தியின் மேல் அவர் கொண்டிருந்த காதல் கைகூடவில்லை. அக்காதலின் அடையாளமாகவே அதனைப் போற்றினார் என்பர். கையில் எடுத்தால் எடுக்கலாம். ஆயினும் அது தன் கடலை இழந்துவிட்ட உயிர். இதனை உரைநடையில் விளக்கப் புகுந்தால் பல பக்கங்கள் எழுதவேண்டும். படமோ ஒரு சாடியைக் காட்டி அமைந்துவிடுகிறது.

படத்தில் ஓர் ஆணும் ஒரு பெண்ணும் தெருவில் நடந்து வருகிறார்கள். மாடிப்படி ஏறுகிறார்கள். பெண் ஆடை களைகிறாள். அடுத்து என்ன நிகழும் என்று பார்ப்போர் எண்ணுகிறார்களோ அது நிகழ்வதில்லை. அவன் எழுந்து, விடைபெற்றுக்கொண்டு போய்விடுகிறான்! கிளர்ச்சியூட்டும் காட்சிக்காகக் காத்திருந்தவர்களை அப்படியே ஏமாற்றிவிடும் குறும்பு இது. பின்னர்ச் செய்தித்தாள்கள் காற்றிற் பறக்கின்றன, புகைவண்டி ஓடுகிறது, சாடிக்குள் நட்சத்திர மீன் இருக்கிறது, அதன் கைகள் மிக அணிமையில் மெல்ல அசைகின்றன. இறுதிப் பகுதியில் இன்னொரு ஆடவன் வந்து அப்பெண்ணை அழைத்துச் செல்கிறான். அந்த ஆடவனாக வருபவர் டெஸ்னோசே. தம் வாழ்வில் எய்தாததைத் திரையில் எய்திய கவிஞர்! ‘அழகி’ என்னும் பொருள்படும் ஒரு சொல் எழுதிய கண்ணாடி உடைந்து சிதறுவதோடு படம் முடிவடைகிறது.

இங்கே தொழில்நுட்பத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் விடலாகாது. ஆடையற்ற உருவத்தைத் தணிக்கையாளர் விடமாட்டார்கள் என்பது மான் ரேக்குத் தெரியும். என்ன செய்தார்? ஜெலற்றின் தகடுகளை நீரில் ஊறவைத்து, அவற்றினூடாகப் படம் பிடித்தார். தேவாலயங்களின் பழைய சாளரக் கண்ணாடியூடாகப் பார்ப்பதுபோல உருவங்கள் கலங்கித் தெரிந்தன. தணிக்கைக்குப் பயந்து செய்த உபாயம்தான். ஆயினும் அந்தக் கலங்கலே படத்தின் உயிராகிவிட்டது. மனிதர்கள் நீருக்குள் இருப்பவர்கள் போலவும், சாடிக்குள் இருக்கும் மீன் மட்டும் தெளிவாகத் தெரிவதாகவும் ஒரு தலைகீழ் உலகம் அமைந்தது. மறைக்கப் போட்ட திரையே ஓவியமாகிய விந்தை இது. காட்டத்தகாததை எல்லாம் காட்டினாற்றான் துணிச்சல் என்று எண்ணும் இளைஞர்கள் இதனைச் சற்று நின்று நோக்கலாம்.

மான் ரே அடுத்த ஆண்டு இன்னொரு கவிதையைத் தழுவினார். மல்லார்மே என்னும் கவிஞர் 1897இல் வெளியிட்ட, பகடை வீச்சு ஒன்றைப் பற்றிய புகழ்பெற்ற கவிதை. அதன் சொற்கள் பக்கம் முழுவதும் சிதறிக் கிடக்கும். அதனை மனத்திற் கொண்டு, தென் பிரான்சில் நொவாய் பிரபுவின் புதுப்பாணி மாளிகையில் எடுத்த படம் ‘பகடைக் கோட்டையின் மர்மங்கள்’. முகத்தைத் துணியால் மூடியவர்கள் பகடை உருட்டுவதும் நீந்துவதுமாக அது செல்கிறது. மாளிகை அழகாயிருக்கிறது. படம் ‘நட்சத்திர மீன்’ அளவுக்கு நெஞ்சைத் தொடவில்லை என்பது என் எண்ணம்.

எழுதியவர் பெரியவரா, எடுத்தவர் பெரியவரா?

‘நட்சத்திர மீன்’ வெளிவந்த அதே 1928இல், பெப்ரவரி மாதம் 9ஆம் நாள், பாரிஸில் உள்ள ‘ஸ்தூடியோ தே உர்சுலின்’ என்னும் சிறு படமாளிகையில் பெருங் கூச்சல் எழுந்தது. அன்று காட்டப்பட்டது ‘சிப்பியும் மதகுருவும்’ என்னும் படம். ஓடும் நேரம் ஏறத்தாழ 40 நிமிடம். கதைக்குறிப்பை எழுதியவர் அந்தோனின் ஆர்த்தோ. கவிஞர், நடிகர், பின்னாளில் நாடக உலகையே கலக்கியவர். இயக்கியவர் ஜெர்மேன் டுலாக் என்னும் பெண்மணி. பெண்கள் படம் இயக்குவது அரிதாயிருந்த அக்காலத்தில், சினிமா இசையைப் போலக் காட்சிகளால் மட்டுமே பேசவேண்டும் என்று எழுதியும் எடுத்தும் காட்டியவர் அவர்.

படத்தின் தொடக்கம் மறக்க முடியாதது. ஒரு மதகுரு ஒரு பெரிய சிப்பியிலிருந்து ஏதோ ஒரு நீரைக் கண்ணாடிக் குடுவைகளில் வார்க்கிறார். வார்த்த குடுவையை நிலத்தில் விழவிட்டு உடைக்கிறார். மீண்டும் ஒன்றை எடுக்கிறார். காலடியிற் கண்ணாடித் துண்டுகள் குவிகின்றன. பின்னாலிருந்து மார்பெல்லாம் பதக்கங்கள் அணிந்த ஒரு படைத்தலைவன் வருகிறான். வாளை ஓங்கிச் சிப்பியை உடைத்துவிடுகிறான். அந்த மதகுருவின் ஆசையும் அச்சமும், அவர் தொடர்ந்து ஓடும் பெண்ணும், அவளைத் தடுத்து நிற்கும் அதிகாரமும் படம் முழுவதும் இப்படியே உருமாறி உருமாறி வருகின்றன. பின்பாதியில் ஓட்டமும் துரத்தலும் சற்று அலுப்பூட்டுகின்றன. அந்த முதற் காட்சி மட்டும் கண்ணை விட்டு அகலுவதில்லை.

கூச்சல் எழுந்ததற்குக் காரணம் படத்திலிருந்த பாலுணர்வோ மதகுருவைக் காட்டிய முறையோ அன்று. ஆர்த்தோவுக்கும் டுலாக்குக்கும் இடையில் எழுந்த மனக்கசப்பே காரணம். படப்பிடிப்பில் தாமும் பங்குபெற வேண்டும் என்று ஆர்த்தோ விரும்பினார். அவ்வேளையில் அவர் டிரேயரின் ‘ஜோன் ஒஃப் ஆர்க்’ படத்திற் குருவானவராக நடித்துக்கொண்டிருந்தார்; அதனால் அது கைகூடவில்லை. தம் எழுத்தை டுலாக் ஒரு வெறுங் கனவாக்கிவிட்டார் என்பது அவருடைய குற்றச்சாட்டு. ஆர்த்தோவின் நண்பர்கள் கூட்டமாக வந்து இயக்குநரைத் தகாத சொல்லால் இகழ்ந்தார்கள். யார் என்ன சொன்னார் என்பதில் ஒருவர் கூற்று மற்றவர் கூற்றோடு பொருந்துவதில்லை. ஆனால் இகழப்பட்டவர் ஒரு பெண் என்பதிலும், இகழ்ந்தவர்கள் விடுதலை பேசியவர்கள் என்பதிலும் ஐயமில்லை.

நெடுங்காலம் உலகம் ஆர்த்தோவின் பக்கமே நின்றது. புனுவேலும் டாலியும் 1929இற் கொண்டுவந்த ‘அந்தலூசிய நாய்’ என்னும் படத்தையே சர்ரியலிசத்தின் முதற் படம் என்று நூல்கள் எழுதின. இப்போது டுலாக்கின் படத்துக்கு உரிய இடம் மெல்ல மெல்லக் கிடைத்து வருகிறது.

பிரித்தானியத் தணிக்கைச் சபை இப்படத்தைத் தடுத்தபோது கூறிய காரணம் இன்றும் சிரிப்பை மூட்டும். இப்படத்துக்குப் பொருளே இல்லைப் போலும். ஒருகால் பொருள் இருந்தால் அது ஆட்சேபத்துக்குரியதாகவே இருக்கும் என்பது அச்சபையின் தீர்ப்பு! விளங்காததைக் கண்டு அஞ்சுகின்ற மனத்துக்கு இதைவிடச் சிறந்த உதாரணம் கிடைக்காது. நம்மூர்க் குறும்பட விழாக்களிலும் இந்தத் தீர்ப்பு வேறு சொற்களில் அவ்வப்போது வழங்கப்படுவதைக் கேட்டிருக்கிறேன்.

நொவாய் பிரபுவின் பணத்தில் புனுவேல் 1930இல் எடுத்த ‘பொற்காலம்’ ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடுவதால் குறும்படக் கணக்கிற் சேராது. ஆயினும் அதன் முடிவுப் பகுதி, மார்க்கி த சாத் என்பவர் சிறையிலிருந்து எழுதிய, எந்தக் குடும்பத்தவரும் வீட்டில் வைத்திருக்க விரும்பாத ஒரு நூலிலிருந்து எழுந்தது. அவ்வாண்டு டிசம்பர் 3ஆம் நாள் தீவிர வலதுசாரி இளைஞர்கள் படமாளிகைக்குள் புகுந்து திரையில் மையை வீசினார்கள். மண்டபத்தில் வைத்திருந்த ஓவியங்களைக் கிழித்தார்கள். சில நாட்களில் அரசாங்கம் படத்தைத் தடைசெய்தது. அத்தடையின் நிழல் ஏறத்தாழ அரை நூற்றாண்டு நீடித்தது.

மேசையின் கீழ் ஒரு கை

இவ்வரலாற்றில் மாணவர்களுக்கு மிகப் பயன்படக்கூடியவர் அலெக்சாந்தர் அஸ்த்ருக் என்று நான் கருதுகிறேன். 1948இல் அவர் எழுதிய ஒரு கட்டுரை, எழுத்தாளன் பேனாவைக் கையாள்வதுபோலப் படக்கருவியைக் கையாளும் காலம் வரப்போகிறது என்று கூறிற்று. ஒவ்வொருவர் வீட்டிலும் படங்காட்டும் கருவி இருக்கும். பக்கத்துப் புத்தகக் கடைக்குப் போய், எப்பொருள் பற்றியும் எழுதப்பட்ட படங்களை வாடகைக்கு எடுத்து வந்து பார்ப்பார்கள் என்றும் எழுதினார். அன்று அது பகற்கனவாகத் தோன்றியிருக்கும். இன்றோ நம் வீட்டுத் திண்ணையிலிருக்கும் சிறுவனுக்கு அதுவே அன்றாட வாழ்க்கை.

சொன்னதைச் செய்தும் காட்டினார் அஸ்த்ருக். அவர் எடுத்துக்கொண்டது பார்பே டொரெவில்லி என்பவரின் ‘செந்நிறத் திரை’ என்னும் கதை. அது இடம்பெற்ற தொகுதி 1874இல் வெளிவந்தபோது, ஒழுக்கத்துக்கு மாறானதென்று அரசாங்கம் பிரதிகளைப் பறிமுதல் செய்தது. நூலை விற்பனையிலிருந்து விலக்கிக்கொள்வதாக ஆசிரியர் ஒப்புக்கொண்ட பின்னரே வழக்கு நின்றது. கதை இதுதான். இளம் படைவீரன் ஒருவன் ஒரு வயோதிபத் தம்பதியின் வீட்டில் தங்குகிறான். அவர்களுக்கு ஒரு மகள். கல்லிற் சமைத்த பாவைபோல உணர்ச்சி காட்டாதவள். ஓர் இரவு உணவு உண்ணும்போது, தாய் தந்தையர் எதிரே அமர்ந்திருக்க, மேசையின் கீழ் அவள் கை வந்து அவன் கையைப் பற்றுகிறது. முகத்தில் ஒரு மாற்றமும் இல்லை. பின்னர் இரவுகளில், பெற்றோர் உறங்கும் அறையின் வழியாகவே நடந்து அவனிடம் வருகிறாள். ஒரு நாள் அவன் கைகளிலேயே அவள் உயிர் பிரிந்துவிடுகிறது. விடிவதற்குள் என்ன செய்வது? அவன் ஓடிவிடுகிறான்.

இக்கதையை வசனத்தோடு எடுத்திருந்தால் மற்றொரு காதற் படமாகியிருக்கும். அஸ்த்ருக் ஒன்று செய்தார். திரையில் எவரும் பேசுவதில்லை. முதுமையடைந்த அந்த வீரனின் குரல் மட்டும், நடந்ததை நினைவுகூர்ந்து, பின்னணியில் ஒலிக்கிறது. மகளாக நடித்த அனூக் எமே படம் முழுவதிலும் ஒரு சொல்லும் பேசாமல் கண்களாலேயே நடமாடுகிறார். பெற்றோர் அறையில் அவள் வெறுங்காலோடு நடக்கும்போது தரைப்பலகை முனகுமோ என்று நம் நெஞ்சு அடித்துக்கொள்கிறது. ஒழுக்கக்கேடான கதை என்று வழக்குத் தொடுக்கப்பட்ட நூலிலிருந்து அஸ்த்ருக் எடுத்தது அச்சத்தை. அடக்கி வைக்கப்பட்ட ஒரு வீட்டின் மௌனத்தை. சுமார் முக்கால் மணி நேரம் ஓடும் அப்படத்துக்கு 1952ஆம் ஆண்டின் லூயி தெல்லுக் பரிசு கிடைத்தது.

இதே வழியில், பேச்சையே துறந்த இன்னொரு குறும்படம் ஷான் ஜெனே 1950இல் எடுத்தது. திருட்டுக் குற்றங்களுக்காகப் பலமுறை சிறை சென்றவர். சிறையிலிருந்தே நாவல் எழுதியவர். அவர் தம் வாழ்நாளில் இயக்கிய படம் இது ஒன்றே. 26 நிமிடம். சிறையில் அடுத்தடுத்த அறைகளில் அடைபட்ட இரு ஆடவரின் காதலைச் சொல்வது. சுவரில் ஊசிமுனை அளவான துளை. அதனூடே ஒரு வைக்கோல் துரும்பு. ஒருவன் இழுத்த சிகரெட் புகையை அதன் வழியே ஊத, மறுபுறத்தில் மற்றவன் அதனை வாய்க்குள் வாங்கிக்கொள்கிறான். தொடமுடியாத இருவர் ஒரே மூச்சைப் பகிர்ந்துகொள்ளும் இக்காட்சிக்கு ஈடாகத் திரையில் அதிகம் இல்லை. படத்தின் ஏனைய பகுதிகள் சிறுவர் பார்க்கத்தக்கவை அல்ல, அதனையும் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் இதனைத் திரையிட்டவர்கள் கைதாகினார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்று 1967இல் தோற்றது. 1975இல் பிரான்சு அரசின் திரைப்பட நிறுவனம் பரிசளிக்க முன்வந்தபோது, ஜெனே அதனை வாங்க மறுத்துவிட்டார்.

காரைதீவிலிருந்து நோக்கும்போது

இவையெல்லாம் பாரிஸ் நகரத்துச் செல்வர்களின் பொழுதுபோக்கு. நமக்கும் இவற்றுக்கும் என்ன உறவு என்று கேட்பார் உளர். உறவு இருக்கிறது.

1660ஆம் ஆண்டில், நம் கிழக்குக் கரையிலேயே, மூதூர்ப் பகுதியிற் கரையிறங்கிய ஆங்கில மாலுமியான ரொபேட் நொக்ஸ் கண்டி மன்னனின் ஆட்களாற் பிடிக்கப்பட்டார். 19 ஆண்டுகள் கழித்துத் தப்பியோடி, 1681இல் இலங்கையைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். அந்நூலின் பகுதிகளை வாசிக்கும் குரலோடு 1934இல் வெளிவந்தது பசில் ரைட் எடுத்த ‘சோங் ஒஃப் சிலோன்’. வாசித்த குரல் கொழும்பைச் சேர்ந்த புகைப்படக் கலைஞர் லயனல் வென்ற் அவர்களுடையது. தேயிலை விளம்பரத்துக்காகக் கொடுக்கப்பட்ட பணத்தில் எடுக்கப்பட்ட படம். ஆயினும் தேயிலை குடியுங்கள் என்று அது எங்கும் சொல்லவில்லை. யானை மரத்தைத் தள்ளி வீழ்த்தும் காட்சியின்மேல் சந்தை விலைகளைக் கூறும் குரல்கள் வந்து விழும்போது, சொல்லாமலே ஒன்று சொல்லப்பட்டுவிடுகிறது. அதனைத் தயாரித்த இலண்டன் தபால் இலாகாவின் படப்பிரிவில் அதே ஆண்டு வந்து சேர்ந்த கவல்கந்தி என்பவர், பாரிஸில் இந்தப் பரீட்சார்த்தப் படக்காரரோடு வளர்ந்தவர். சிங்களத் திரையின் தந்தை எனப் போற்றப்படும் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் அவர்களும் இலண்டனில் ‘சொலிலோக்வி’ என்னும் பரீட்சார்த்தக் குறும்படத்தை 1949இல் எடுத்தே தம் பயணத்தைத் தொடங்கினார்.

காரைதீவுக்கோ இவ்விடயத்தில் இன்னும் நெருங்கிய உரிமை உண்டு. இவ்வூரிற் பிறந்த விபுலாநந்த அடிகளார் 1926இல் வெளியிட்ட ‘மதங்க சூளாமணி’ என்னும் நூலை எண்ணிப் பாருங்கள். ஷேக்ஸ்பியரின் நாடகங்கள் பன்னிரண்டை எடுத்துக்கொண்டு, அவற்றை வெறுமனே கதைச் சுருக்கமாகத் தந்துவிட்டு அடிகளார் அமையவில்லை. நம் பழைய நாடக இலக்கணத்தில் இந்தச் சுவைக்கு எது நிகர், இந்த மெய்ப்பாட்டுக்கு எது நிகர் என்று தேடினார்; அந்த ஆங்கிலப் புலவருக்குச் ‘செகசிற்பியார்’ என்று பெயர்கூடச் சூட்டினார்! ஒரு மொழியின் கலையை மற்றொன்றிற் கொண்டுவருவது என்றால், கதையைச் சுமந்து வருவதன்று. நிகரைத் தேடிக் கண்டடைவது. டெஸ்னோசின் கவிதைக்கு மான் ரே ஜெலற்றின் தகட்டில் நிகர் தேடினார். பார்பேயின் உரைநடைக்கு அஸ்த்ருக் மௌனத்தில் நிகர் தேடினார். அடிகளார் தொட்ட வேலையும் அதே இனத்தது என்பேன்.

ஆர்த்தோவும் ஒருவகையில் நம் பக்கம் திரும்பியவரே. 1931இல் பாரிஸ் குடியேற்ற நாட்டுக் கண்காட்சியில் பாலித் தீவினரின் ஆட்டத்தைக் கண்டு வியந்து, நாடகம் என்பது சொல்லுக்கு அடிமையன்று என்று முழங்கினார். மட்டக்களப்பு வடமோடிக் கூத்தை அவர் கண்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ!

துணிந்த இலக்கியம் பிரான்சுக்கு மட்டும் உரியதும் அன்று. எங்கள் வயல்வெளிகளில் முஸ்லிம் மக்களும் தமிழ் மக்களும் பாடிவந்த ‘கவி’களில், ஒரு பெண் தன் ஆசையை எவ்வளவு வெளிப்படையாகப் பேசுகிறாள் என்பது முதியோருக்குத் தெரியும். பிள்ளைகள் முன்னிலையில் அவற்றைப் பாடாமல் நிறுத்திக்கொண்டவர்களும் அவர்களே. கல்முனைக்குடி எம். ஏ. நுஃமான் 1981இல் பலஸ்தீனக் கவிதைகளைத் தமிழாக்கித் தந்தார், வெ. ஸ்ரீராம் ‘அந்நியன்’, ‘குட்டி இளவரசன்’ ஆகியவற்றைப் பிரெஞ்சிலிருந்து நேரே கொண்டுவந்தார். படிப்பதற்கு இருக்கிறது. படமாக்குவதற்கும் இருக்கிறது.

மாணவர் ஒருவர் கண்ணகியைப் படமாக்க விரும்புகிறார் என்று வைத்துக்கொள்வோம். மதுரை எரிவதை எடுக்கப் பணமில்லை. பாண்டியன் அவையை எடுக்க இடமில்லை. வைகாசியில் எங்கள் கண்ணகி அம்மன் கோயிற் குளிர்த்தி முடிந்த மறுநாட் காலை, வெறிச்சோடிய வீதியில் ஒரு சிலம்பு கிடக்கிறது. ஒரு சிறுமி அதனை எடுத்துக் குலுக்கிப் பார்க்கிறாள். உள்ளே இருப்பது முத்தா, மாணிக்கமா? படம் அங்கே நிற்கலாம். ‘கதை விளங்கல்லியே மகன்’ என்று அந்தப் பெரியவர் இங்கே கேட்கமாட்டார் என்றே நினைக்கிறேன். கதை அவருக்கு முன்னமே தெரியும். படம் அவரிடமிருந்தே அதை எடுத்துக்கொள்கிறது. டெஸ்னோசின் படத்தில் நாம் தடுமாறுவதற்கு ஒரு காரணம், அங்கே நம்மிடமிருந்து எடுத்துக்கொள்ள அவருக்கு ஒன்றும் இல்லாமையே.

எதைப் பார்க்கலாம், எதைப் பார்க்கலாகாது என்று பெற்றோர் கேட்பார்கள். ‘நட்சத்திர மீன்’, ‘சிப்பியும் மதகுருவும்’, ‘செந்நிறத் திரை’ ஆகிய மூன்றையும் உயர்வகுப்பு மாணவர், ஆசிரியர் ஒருவர் உடனிருந்து விளக்கப் பார்க்கலாம். சாத், ஜெனே ஆகியோரை வயது வந்தபின் தாமே தேடிக் கொள்ளட்டும். தடுப்பதாயின் காரணத்தைச் சொல்லித் தடுங்கள். “பொருள் இல்லை, இருந்தாலும் கெட்ட பொருள்” என்ற அந்தத் தணிக்கைச் சபையாரின் வழியை மட்டும் நம் வீடுகளுக்குள் விடவேண்டாம்.

அந்தக் கவிஞருக்குப் பின்னர் என்ன நேர்ந்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். ஜேர்மானியர் பாரிஸைப் பிடித்திருந்த காலத்தில் டெஸ்னோஸ் இரகசிய எதிர்ப்பு இயக்கத்திற் சேர்ந்து உழைத்தார். அப்போதும் பிள்ளைகளுக்காக மிருகங்களையும் பறவைகளையும் பற்றிச் சிறு பாடல்கள் எழுதினார். பிரான்சு நாட்டுப் பள்ளிப் பிள்ளைகள் இன்றும் அவற்றை மனனஞ் செய்கிறார்கள். 1944 பெப்ரவரி 22ஆம் நாள் இரகசியப் பொலிஸார் அவரைக் கைதுசெய்தார்கள். முகாம் முகாமாக மாற்றப்பட்டு, இறுதியில் செக் நாட்டிலுள்ள தெரசின் என்னும் இடத்துக்குக் கொண்டுவரப்பட்டார். போர் முடிந்து, விடுதலையும் வந்துவிட்டது. ஆயினும் ரைபஸ் காய்ச்சல் அவரை விடவில்லை. அங்கே நோயாளருக்குத் தொண்டு செய்த ஒரு செக் மாணவர், எலும்புந்தோலுமாய்க் கிடந்தவர்களின் பெயர்ப்பட்டியலில் அந்தப் பெயரைக் கண்டு திடுக்கிட்டார். கட்டிலருகே சென்று, “ரொபேர் டெஸ்னோஸ் என்னும் கவிஞரை உமக்குத் தெரியுமா?” என்று வினவினார். நான்தான் அவர் என்றது நலிந்த குரல். அந்த மாணவர் அவர் முகத்தை முன்னரே ஒரு நூலில் இருந்த புகைப்படத்திற் கண்டிருந்தார் என்பர். கண்கள் மூடி, அரைத்துயிலில் இருக்கும் டெஸ்னோஸ். அந்தப் படத்தைப் பிடித்தவர் மான் ரே. சில நாட்களின் பின், 1945 ஜூன் 8ஆம் நாள், கவிஞர் கண்மூடினார்.